லயத்து அறையில் பொம்மைப் படம்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

இலங்கை மலையகத்தில், ஹட்டனிலிருந்து பொகவந்தலாவைக்குப் போகும் பாதையில், நோர்வூட்டைத் தாண்டி வருகிற ஒரு தேயிலைத் தோட்டத்தில் இருந்து இதை எழுதுகிறேன். பகலில் முன்பள்ளியில் பிள்ளைகளைப் பார்த்துக்கொள்கிறேன். இரவில் பொம்மைகளை அசைத்துப் படம் எடுக்கிறேன். ஆறு வருடமாக இப்படித்தான். அம்மா பொம்மைகளுக்கு உடை தைக்கிறார். தேயிலை பேக்டரியில் பிட்டராக இருந்த மாமா கம்பி முறுக்கித் தருகிறார். பக்கத்து லயத்தில், அதாவது தோட்டத் தொழிலாளர் வரிசை வீட்டில் இருக்கிற பிள்ளைகள் இரண்டு பேர் படப்பிடிப்பில் கூட நிற்கிறார்கள். இப்போது கையில் இருப்பது நான்கு நிமிடப் படம். கொழுந்தெடுக்கிற ஓர் அம்மாயி, பனிமூட்டத்துக்குள் காணாமல் போன பேத்தியைத் தேடி மலை ஏறுகிறாள். கதை அவ்வளவுதான்.

கோயில் திருவிழாவிலும் பள்ளிக்கூடக் கண்காட்சியிலும் இந்தப் பொம்மைகளைப் பார்த்தவர்கள் கேட்ட கேள்விகளைக் கீழே சேர்த்திருக்கிறேன்.

ஸ்டொப் மோஷன் என்றால் என்ன?

அசையாத ஒரு பொம்மையை நிற்கவைத்து ஒரு படம் எடுக்கிறோம். அதன் கையை ஒரு நெல்மணி அளவு உயர்த்தி இன்னொரு படம். தலையைச் சற்றுத் திருப்பி இன்னொன்று. இப்படி எடுத்த படங்களை வேகமாக ஓட்டினால் பொம்மை தானாகவே அசைவதுபோலக் கண்ணுக்குத் தெரியும். சினிமாவில் ஒரு நொடிக்கு 24 பிரேம், அதாவது 24 படம். பொம்மைப் படம் எடுப்பவர்கள் பெரும்பாலும் ஒவ்வொரு நிலையையும் இரண்டு பிரேமுக்குப் பிடிப்பார்கள். அப்போது நொடிக்கு 12 நிலை போதும். நாங்களும் 12தான். ஓடுவது, விழுவது போன்ற வேகமான அசைவுக்கு மட்டும் 24க்குப் போகிறோம்.

பொம்மலாட்டமும் இதுவும் ஒன்றுதானே?

உறவு உண்டு, ஆனால் ஒன்றல்ல. தெற்கே அம்பலாங்கொடைப் பக்கம் ஆடுகிற நூல் பொம்மலாட்டத்தைச் சிங்களத்தில் ரூகட என்பார்கள். 2018இல் யுனெஸ்கோவின் பண்பாட்டு மரபுப் பட்டியலில் அது இடம்பெற்றது. அங்கே நூலைப் பிடித்த கை அசையும் அந்தக் கணத்திலேயே பொம்மையும் அசைகிறது. சபை சிரித்தால் ஆட்டுகிறவர் இன்னும் கொஞ்சம் ஆட்டலாம். எங்களுக்கு அது முடியாது. பொம்மையைத் தொட்டு, கையை எடுத்து, விலகி நின்ற பிறகுதான் கமரா பார்க்கிறது. படம் ஓடுகிறவரை அந்த அசைவை யாரும் பார்ப்பதில்லை, நானும்கூட.

என் மனதில் இந்த வேலைக்கு இன்னும் நெருக்கமானது காமன் கூத்து. மாசியில் கம்பம் ஊன்றி, ரதியும் மன்மதனும் வேஷம் கட்டி ஆடி, சிவன் மன்மதனை எரிக்கிற இரவுவரை தோட்டமே கூடி நடத்துகிற கூத்து அது. முகத்தில் பூசிய அரிதாரம் விடிய விடிய மாறாது. ஆனால் தப்பு மேளச் சத்தத்துக்கு ரதியின் தலை சாய்கிற விதத்திலேயே அவள் அழுகிறாள் என்று தெரியும். முகத்தை மாற்றாமல் துக்கத்தைக் காட்டலாம் என்று நான் முதலில் கண்டது அங்கேதான்.

இதை யார் தொடங்கினார்கள்?

முதல் ஆள் இவர்தான் என்று விரல் நீட்ட முடியாது. கமரா வந்த கொஞ்ச நாளிலேயே பல நாடுகளில் பலர் முயன்றிருக்கிறார்கள். எனக்குப் பிடித்த தொடக்கம் லதிஸ்லாஸ் ஸ்டாரெவிச்சுடையது. இன்று லித்துவேனியாவில் இருக்கும் கௌனாஸ் நகரில், 1910இல், கொம்பு வண்டுகள் சண்டை போடுவதைப் படமாக்க நினைத்தார். விளக்கை ஏற்றியதும் வண்டுகள் அசையவே இல்லை. அதனால் செத்த வண்டுகளை எடுத்து, கால்களைக் கழற்றி, மெழுகும் கம்பியும் வைத்து மறுபடி பொருத்தி, ஒவ்வொரு படமாக அசைத்தார். பூச்சி பிடித்து விளையாடிய எந்தப் பிள்ளைக்கும் இந்தக் கதை உடனே புரிந்துவிடுகிறது.

அப்புறம் அமெரிக்காவில் வில்லிஸ் ஓபிரையன். 1933இல் வந்த கிங் கோங் படத்தில் கட்டடத்தின் மேல் ஏறுகிற அந்தப் பெரிய குரங்கு, உண்மையில் இரண்டு அடிக்கு மேல் போகாத பொம்மை. அதைத் தியேட்டரில் பார்த்த 13 வயதுப் பையன் ஒருவன் வாழ்நாள் முழுக்க இதே வேலையைச் செய்தான். அவர்தான் ரே ஹாரிஹவுசன். அவருடைய அப்பா இயந்திர வேலை தெரிந்தவர், பொம்மைகளின் உலோக எலும்புகளைச் செய்து கொடுத்தார். அம்மா உடை தைத்தார். இதைப் படித்த அன்று நான் அம்மாவையும் மாமாவையும் கூப்பிட்டு உட்காரவைத்து வாசித்துக் காட்டினேன். மாமா ஒன்றும் சொல்லவில்லை. மறுநாள் இரண்டு முழங்காலைக் கழற்றித் திரும்பச் செய்தார்.

1963இல் வந்த ஒரு படத்தில் ஹாரிஹவுசனின் ஏழு எலும்புக்கூடுகள் மூன்று மனிதர்களோடு வாள்சண்டை போடும். சில நிமிடங்களே வரும் அந்தக் காட்சிக்கு அவருக்கு நாலரை மாதம் பிடித்தது.

செக் நாட்டு யிர்ஷி த்ருன்கா வேறு வழி. அவருடைய பொம்மைகளுக்கு வரைந்த முகம், பெரும்பாலும் மாறாது. தலையைச் சற்றுத் தாழ்த்துவார், விளக்கை இடம் மாற்றுவார், அதே முகம் சோகமாகிவிடும். ஜப்பானில் இருந்து கிஹாசிரோ கவமோட்டோ 1963இல் அவரிடம் கற்கப் போனார். திரும்பி வந்து, தன் நாட்டின் நோ என்ற முகமூடி நாடகம், புன்ராக்கு என்ற பொம்மலாட்டம் ஆகிய மரபுகளைப் பொம்மைகளுக்குள் கொண்டுவந்தார். ரதியின் தலைச்சாய்வை எங்கள் அம்மாயிக்கு வைக்கலாம் என்ற துணிவு எனக்கு இவர்கள் இருவரிடமிருந்தும் வந்தது.

ஒரு நாளைக்கு எவ்வளவு எடுக்கலாம்?

பெரிய ஸ்டூடியோக்களிலேயே ஓர் அனிமேட்டர் ஒரு நாள் முழுக்க உழைத்துச் சில நொடிகள்தான் எடுக்கிறார். எங்கள் கணக்கைச் சொல்கிறேன். நான்கு நிமிடம் என்றால் 240 நொடி. நொடிக்கு 12 நிலை வீதம் 2880 நிலை. நல்ல இரவில் 60 நிலை எடுப்போம், அது 5 நொடி. அப்படிப் பார்த்தால் 48 இரவில் முடிந்திருக்கவேண்டும். ஆனால் ஒரு காட்சிக்கு விளக்கு வைக்கவே இரண்டு இரவு போகும். பொம்மையின் விரல் ஒடிந்தால் ஒரு கிழமை போகும். கொழுந்து நிறைய வருகிற மாதங்களில் அம்மா களைத்துப் போய் வருவார், அப்போது ஊசியைக் கையில் கொடுக்க எனக்கு மனம் வராது. இப்படியே 48 இரவு இரண்டு வருடமாகிவிட்டது.

கம்ப்யூட்டரில் செய்துவிடலாமே?

செய்யலாம். கம்ப்யூட்டர் அனிமேஷன் சுலபமான வேலை என்று நினைக்காதீர்கள், அதற்கும் இதே பொறுமை வேண்டும். ஆனால் எனக்கு வேண்டியது இங்கே மட்டும்தான் கிடைக்கிறது. கிங் கோங்கை மறுபடி பார்த்தால் அதன் ரோமம் நிற்காமல் சிலிர்த்துக்கொண்டே இருப்பது தெரியும். ஒவ்வொரு பிரேமுக்கும் அனிமேட்டரின் விரல் பட்டதால் வந்த சிலிர்ப்பு. 1933இல் ஒரு மனிதர் தொட்ட தடம் இன்றும் திரையில் அசைகிறது.

எங்கள் அம்மாயியின் கன்னத்தில் என் பெருவிரல் ரேகை இருக்கிறது. முதலில் ஈரத்துணியால் துடைத்து மழுப்பினேன். பிறகு விட்டுவிட்டேன். அவள் முகத்தில் சுருக்கம் இருக்கவேண்டிய இடம்தான் அது.

இன்னொரு காரணம் வெளிச்சம். லயத்துக் கூரைத் தகரத்தில் ஆணி துளைத்த ஓட்டைகள் வழியாக உள்ளே விழுகிற ஒளிப்பொட்டுகளைப் பார்த்து வளர்ந்தவள் நான். சின்னத் தகரத்தில் குண்டூசியால் துளை போட்டு மேலே ஒரு பல்பை வைத்தால் அதே பொட்டுகள் பொம்மை வீட்டுத் தரையிலும் விழுகின்றன. வரைய வேண்டியதில்லை, அது உண்மையான வெளிச்சம்.

பொம்மைக்குள் என்ன இருக்கிறது?

எலும்பு. ஸ்டூடியோக்களில் உருண்டை மூட்டு வைத்த உலோக எலும்பு போடுவார்கள். விலை அதிகம், ஆனால் பல வருடம் உழைக்கும். எங்களுடையது அலுமினியக் கம்பி. கல்வனைஸ் கம்பி வேண்டாம், வளைத்துவிட்டால் கொஞ்சம் திரும்பி வரும். ஒரு மில்லிமீட்டர் திரும்பினாலும் அசைவு கெட்டுப்போகும். அலுமினியம் வைத்த இடத்தில் நிற்கும்.

இரண்டு மூன்று இழையைச் சேர்த்து முறுக்கவேண்டும். மாமா ஒரு முனையை வைஸில் கடிக்கவைத்து, மறுமுனையை டிரில்லில் மாட்டி மெதுவாகச் சுற்றுவார். தோள், முழங்கை, மணிக்கட்டு தவிர மற்ற இடமெல்லாம் எபொக்சி புட்டியால் மூடிவிடுவோம். அப்போதுதான் கை மூட்டில் மட்டும் மடங்கும். மூடாமல் விட்டால் கை முழுக்கக் கயிறுபோல வளையும். புதிதாகச் செய்கிறவர்கள் எல்லோரும் இங்கேதான் தவறுகிறார்கள்.

அலுமினியம் ஒரே இடத்தில் மடங்கி மடங்கிக் கடைசியில் ஒடியும். "கம்பிக்கும் ஆயுசு இருக்கு, எண்ணி வளை" என்பார் மாமா. அதனால் ஒடியக்கூடிய கைகளைக் கழற்றி மாட்டும்படி செய்திருக்கிறோம். அம்மாயிக்கு இது ஒன்பதாவது வலது கை. இடது கை நான்காவது. அவள் வலக்கைக்காரி.

பாதத்துக்குள் ஒரு சிறிய நட்டு ஒட்டியிருக்கும். மேசைப் பலகையில் துளை போட்டு, கீழே இருந்து போல்ட்டை ஏற்றி அதில் முறுக்கினால் பொம்மை ஒற்றைக் காலிலும் நிற்கும். நடக்கவைக்கும்போது ஒவ்வோர் அடிக்கும் ஒரு துளை. எங்கள் மேசையைக் கீழே குனிந்து பார்த்தால் அம்மாயி இதுவரை நடந்த வழி முழுக்கத் துளையாகத் தெரியும்.

உடை தைப்பது கஷ்டமா?

அம்மாவிடம் கேட்டு எழுதுகிறேன். தைப்பது கஷ்டமில்லை, துணி கிடைப்பதுதான் கஷ்டம் என்கிறார். எங்கள் பொம்மைகள் ஆறில் ஒரு பங்கு அளவு, அம்மாயி 25 சென்டிமீட்டர் உயரம். உடலைச் சிறிதாக்கலாம், துணியின் இழையைச் சிறிதாக்க முடியாது. சாதாரணப் பருத்தித் துணி கமராவுக்குப் பக்கத்தில் சாக்குபோலத் தெரியும். பலமுறை துவைத்து நைந்த பழைய சேலைதான் சரியாகப் படிகிறது. அம்மாயி கட்டியிருப்பது என் அப்பாயியின் சேலை முந்தானையில் வெட்டியது.

இடுப்பில் கட்டுகிற படங்குக்கு, பிளாஸ்டிக் பையை வெதுவெதுப்பான இஸ்திரிப் பெட்டியால், நடுவில் காகிதம் வைத்து அழுத்திச் சுருக்கினோம். தலையில் போடுகிற கம்பளிக்கு அம்மா பழைய ஸ்வெட்டரை உரித்து, நூலை மூன்றாகப் பிரித்துப் பின்னினார். 2009இல் வந்த கோரலைன் படத்துக்கு மிக மெல்லிய ஊசிகளால் பொம்மை ஸ்வெட்டர் பின்னிக் கொடுத்த ஒரு பெண்ணைப் பற்றிச் சொன்னபோது அம்மா கேட்ட ஒரே கேள்வி, அவருக்குக் கண்ணாடி உண்டா என்பது.

சேலை ஓரத்துக்குள் மெல்லிய செப்புக் கம்பி ஓடுகிறது. காற்றில் சேலை பறப்பது அந்தக் கம்பியால்தான்.

பொம்மை எப்படிப் பேசுகிறது?

வாயை மாற்றி மாற்றி ஒட்டுவோம். சில படங்களில் தலையையே மாற்றுவார்கள். 1993இல் ஹென்றி செலிக் இயக்கிய ஒரு படத்தின் நாயகப் பொம்மைக்கு 400 தலை அளவில் செய்தார்கள். கோரலைன் வந்த காலத்தில் முகங்களை முப்பரிமாண அச்சு இயந்திரத்தில் செய்யத் தொடங்கிவிட்டார்கள். எங்களிடம் பதினொரு வாய் இருக்கிறது, தீப்பெட்டிக்குள் அடுக்கி வைத்திருக்கிறோம்.

ஆங்கிலத்துக்குச் செய்த வாய் அட்டவணையைப் பார்த்து முதலில் செய்தபோது தமிழுக்கு அது ஒட்டவில்லை. எனக்கு வழி காட்டியது தொல்காப்பியத்தின் பிறப்பியல். எந்த எழுத்து வாயில் எங்கே பிறக்கிறது என்று அது அப்படியே சொல்கிறது. ப, ம இரண்டுக்கும் இதழ்கள் சேரும். வ வருவதற்குப் பல்லும் இதழும் சேரவேண்டும். உ, ஊ, ஒ, ஓ, ஔ ஐந்துக்கும் இதழ் குவியும். உயர்தரத்தில் பரீட்சைக்காகப் படித்தது, இத்தனை வருடம் கழித்துக் களிமண்ணில் வாய் செய்ய உதவியது. ஒவ்வோர் எழுத்துக்கும் ஒரு வாய் செய்யத் தேவையில்லை. இதழ் மூடுகிற இடம், குவிகிற இடம், விரிகிற இடம் மூன்றையும் சரியாகப் பிடித்தாலே கேட்பவருக்கு மற்றது தானாகப் புரியும்.

லயமும் தேயிலை மலையும் எப்படிச் செய்தீர்கள்?

பழைய லயத்து அறை பத்துக்குப் பன்னிரண்டு அடி. ஆறில் ஒரு பங்காக்கினால் 20 அங்குலத்துக்கு 24 அங்குலம், மேசையில் உட்கார்ந்துவிடும். அளவு நாடாவை வைத்துப் பார்த்த அன்று எனக்குக் கொஞ்ச நேரம் பேச்சு வரவில்லை. ஒரு குடும்பம் பிறந்து, சமைத்து, படுத்து, செத்த அறை அது.

தேயிலைச் செடிக்கு, கவ்வாத்து வெட்டும்போது விழுகிற மிலாறு. அதன் நுனிக் குச்சிகள் அப்படியே கிழட்டுத் தேயிலை மரம்போல முறுக்கிக்கொண்டு இருக்கும். இலைக்கு நிஜ இலையை மட்டும் வைக்காதீர்கள். முதலில் வைத்தோம். இரவெல்லாம் விளக்குச் சூட்டில் அது வாடிக்கொண்டே இருந்தது. படத்தை ஓட்டிப் பார்த்தால் மலை முழுக்க ஏதோ நெளிவதுபோல இருந்தது. பிறகு ஸ்பொஞ்சைப் பொடியாக்கி, மூன்று பச்சையில் சாயம் ஏற்றி ஒட்டினோம். மேல் மட்டம் இளம் பச்சை, கொழுந்தின் நிறம். அடியில் கரும்பச்சை. மேல் மட்டம் சமமாக இருக்கவேண்டும் என்று அம்மா ஒரு ஈர்க்கை வெட்டி மட்டக்குச்சி செய்து, ஒவ்வொரு வரிசையாக வைத்துப் பார்த்தார்.

மூட்டத்தையும் மழையையும்?

புகை போட முடியாது. அது சொன்ன இடத்தில் நிற்காது. மூட்டத்துக்கு மெல்லிய வெள்ளை நெட் துணி, ஒன்றுக்குப் பின் ஒன்றாக நான்கு அடுக்கு. அவற்றுக்கு இடையில் பிய்த்துப் பரப்பிய பஞ்சு. ஒவ்வொரு நிலைக்கும் பஞ்சை இரண்டு மில்லிமீட்டர் நகர்த்துவோம். எங்கள் ஊர் மூட்டம் பள்ளத்தில் இருந்து ஏறி வரும், பக்கவாட்டில் அவ்வளவாகப் போகாது. பிள்ளைகள் இரண்டு பேரும் மூன்று நாள் பின்னேரம் மலையில் உட்கார்ந்து இதைப் பார்த்து எழுதிக்கொண்டு வந்தார்கள்.

மழைத்துளிக்கு கிளிசரின். தண்ணீர் காய்ந்துவிடும், கிளிசரின் துளி இரவு முழுக்க நிற்கும். குச்சி நுனியால் தொட்டு இழுத்தால் கன்னத்தில் வழியும்.

போன் போதுமா?

போதும். ஸ்டொப் மோஷன் ஸ்டூடியோ என்ற செயலியில் தொடங்கலாம். முந்தைய படத்தை மங்கலாக மேலே காட்டும், எவ்வளவு நகர்த்தினோம் என்று தெரியும். பெரிய இடங்களில் டிராகன்பிரேம் என்ற மென்பொருளைப் பாவிப்பார்கள்.

வெளிச்சம், போகஸ், நிறம் மூன்றையும் போன் தானாக மாற்றாதபடி பூட்டுங்கள். இல்லாவிட்டால் படம் மினுங்கும். போனை செங்கல்லோடு சேர்த்துக் கட்டுங்கள். ஹெட்போனின் ஒலி பட்டனால் படம் எடுக்க முடிந்தால் போனைத் தொடவே வேண்டாம். யாரும் கூப்பிடாதபடி பிளைட் மோடில் வையுங்கள். கறுப்பு உடுப்புப் போடுங்கள், வெள்ளைச் சட்டையில் பட்ட வெளிச்சம் பொம்மையின் மேல் தெறிக்கும்.

நமது குளிரும் ஈரமும் தொல்லையா?

தொல்லைதான். மார்கழி, தை இரவுகளில் பிளாஸ்டிசின் கல்லாகிவிடும். தேத்தண்ணிக் கோப்பையைப் பக்கத்தில் வைத்து, கையைச் சூடாக்கித் தொடுகிறோம். மழைக்காலத்தில் பசை காய இரண்டு மடங்கு நேரம் வேண்டும். துணியில் பூஞ்சணம் பிடிக்கும். பொம்மைகளை அரிசி வாளிக்குப் பக்கத்தில் ஒரு மூடிய டப்பாவில், துணியில் முடிந்த அரிசியோடு வைக்கிறோம்.

கரண்ட் இன்னொரு பிரச்சினை. வோல்டேஜ் ஏறி இறங்கினால் பல்ப் மங்கித் தெளியும், கண்ணுக்குத் தெரியாது, படத்தில் தெரியும். 2022 மார்ச் கடைசியில் ஒரு நாளைக்கு 13 மணித்தியாலம்வரை மின்வெட்டு இருந்தது. அந்த நாட்களில்தான் பவர் பேங்கில் எரிகிற சின்ன எல்.ஈ.டி. விளக்குகளுக்கு மாறினோம். ஒளி ஆடுவதில்லை. இன்றுவரை அதுதான்.

பொம்மைக்கு உயிர் எப்படி வருகிறது?

இந்தக் கேள்விக்காகத்தான் மற்ற எல்லாவற்றையும் எழுதினேன்.

முதலில் அம்மாயி கொழுந்து பறிக்கிற காட்சியை எடுத்தேன். எட்டு நொடி, 96 நிலை. கை போகிறது, இரண்டு இலையும் ஒரு மொட்டும் கிள்ளுகிறது, கை நிறைந்ததும் தோளுக்குப் பின்னால் கூடைக்குள் எறிகிறது. வளைவு சரி, வேகம் சரி. அம்மாவிடம் காட்டினேன். 30 வருடம் மலையில் நின்றவர் அவர். இரண்டு தரம் பார்த்துவிட்டுச் சொன்னார்: "இவளுக்குக் கொழுந்தெடுக்கத் தெரியாது புள்ள. பறிக்கிற எடத்தையே பாத்துக்கிட்டு இருக்கா. கை இந்தச் செடியில இருக்கும்போது கண்ணு அடுத்த செடியில இருக்கணும்."

மறுநாள் அம்மாவோடு மலைக்குப் போய் நின்றேன். உண்மைதான். கண் முன்னால் போகிறது, கை பின்னால் வருகிறது. கூடைக்குள் எறியும்போது யாரும் திரும்பிப் பார்ப்பதே இல்லை. அந்தக் கணத்தில் தலை இன்னும் கொஞ்சம் முன்னே நீளும். பிறந்தது முதல் பார்த்த அசைவு, ஆனால் நான் பார்த்ததே இல்லை.

அனிமேஷன் படித்தவர்களும் இதையேதான் சொல்கிறார்கள்: பொம்மை அசைவதற்கு முன் நினைக்கவேண்டும். கண் முதலில், தலை அடுத்து, உடல் கடைசியில். ஒரு பொருளை எடுக்கப் போகிற கை முதலில் கொஞ்சம் பின்வாங்கும். தொடக்கமும் முடிவும் மெதுவாக, நடுவில் வேகமாக. அப்புறம், அசையாமல் நிற்கத் தெரியவேண்டும். புதிதாகச் செய்கிறவர்கள் பொம்மையை ஓயாமல் ஆட்டுவார்கள். ஆனால் 12 நிலைக்கு ஒன்றுமே செய்யாமல் நிற்கவைத்து, கண்ணிமையை மட்டும் ஒரு தடவை மூடித் திறந்தால் அவள் எதையோ யோசிக்கிறாள் என்று பார்க்கிறவர் நினைப்பார்.

கண்ணை முன்னே அனுப்பி அந்த எட்டு நொடியை மறுபடி எடுத்தேன். அம்மா பார்த்தார். "இவ சரி" என்றார்.

நடுவில் தவறு வந்தால்?

அந்த ஷொட்டை, அதாவது காட்சித் துண்டை, முதலில் இருந்து எடுக்கவேண்டும். ஒரு முறை 117ஆவது நிலையில் என் கை விளக்கில் தட்டிவிட்டது. அடையாளம் வைத்த இடத்திலேயே திரும்ப வைத்தேன், படத்தில் மின்னல் வெட்டியதுபோல வந்தது. அழித்துவிட்டு மறுபடி எடுத்தேன். முதல் முறை, அம்மாயி முகத்தைத் துடைக்கும் முன் கை ஒரு கணம் தயங்கியது. நான் திட்டமிட்ட தயக்கம் இல்லை, ஏதோ அப்படி அமைந்தது. இரண்டாம் முறை அது வரவில்லை. மூன்று இரவு முயன்றேன். எண்ணி வைத்து, அதே நிலைகளைத் திரும்பச் செய்தும் வரவில்லை. இப்போது படத்தில் இருப்பது தயக்கம் இல்லாத துடைப்பு. ஒவ்வொரு தடவை பார்க்கும்போதும் அந்த இடத்தில் எனக்கு வலிக்கும்.

அதனால் எடுத்த எதையும் உடனே அழிக்காதீர்கள்.

இதில் வருமானம் உண்டா?

இதுவரை எனக்கு இல்லை. திருமண வீடியோவுக்குத் தலைப்பு, கடைகளுக்குச் சின்ன விளம்பரம் என்று எப்போதாவது வரும். பொருட்செலவு குறைவு, நேரம்தான் செலவு. இதை நம்பிக் கையில் இருக்கிற வேலையை விடும்படி யாருக்கும் சொல்லமாட்டேன்.

எத்தனை வயதில் தொடங்கலாம்?

என் முன்பள்ளியில் ஐந்து வயதுப் பிள்ளைகள் பொத்தானை நடக்கவைக்கிறார்கள். கம்பி வெட்டுவதையும் எபொக்சி பிசைவதையும் பெரியவர்கள் செய்து கொடுங்கள்.

முதலில் எதை எடுப்பது?

பொம்மை செய்யவேண்டாம். வீட்டில் இருக்கிற ஓர் உருளைக்கிழங்கை எடுங்கள். அது மேசையின் விளிம்புவரை போய், கீழே எட்டிப் பார்த்து, பயந்து திரும்பி வரவேண்டும். 10 நொடி, 120 நிலை. கண் இல்லை, கை இல்லை. விளிம்பில் எவ்வளவு நேரம் நிற்கிறது, எவ்வளவு வேகமாகத் திரும்புகிறது என்பதை வைத்தே பயத்தைக் காட்டவேண்டும். பார்க்கிறவருக்குப் பயம் புரிந்தால் அடுத்ததாகக் கம்பி வாங்குங்கள். புரியாவிட்டால் இன்னொரு தடவை எடுங்கள், உருளைக்கிழங்கு அங்கேயேதான் இருக்கும்.

உங்கள் படம் எப்போது முடியும்?

2 நிமிடம் 40 நொடி முடிந்திருக்கிறது. மிச்சம் 960 நிலை. இப்போது எடுப்பது கடைசிக் காட்சி. கொழுந்து நிறுக்கிற மடுவத்தில், சாக்குகளின் மேல் பேத்தி தூங்குகிறாள். அம்மாயி வந்து, கூடையை இறக்கி, பக்கத்தில் உட்காருகிறாள். எழுப்பவில்லை.

தூங்குகிற பிள்ளை மூச்சுவிட வேண்டும். மேசைக்கு அடியில் இருந்து ஒரு ஸ்குரூ அவளுடைய நெஞ்சுக்குக் கீழே ஏறுகிறது. ஒவ்வொரு நிலைக்கும் கால் சுற்றுக்கும் குறைவாக மாமா திருப்புகிறார், நெஞ்சு ஒரு தாள் அளவு உயர்கிறது. என் முன்பள்ளியில் மதியம் தூங்குகிற பிள்ளைகளைப் பார்த்து எண்ணினேன். ஒரு மூச்சுக்குச் சுமார் மூன்று நொடி, அதாவது 36 நிலை. நேற்று இரவு இரண்டு மூச்சு எடுத்தோம்.